மொழி உதவி

வாங்க. செருப்ப வெளியவே விட்டுடுங்க. அந்தச் சேர் வேணாம்மா, அது நான் உக்கார்றது. சோபாவுல உக்காருங்க. பேரு என்ன சொன்னீங்க, ரூபவதியா? எடிட்டர் சங்கத்துப் பத்திரிகை. சரி. போன்ல சொன்னதையேதான் நேர்லயும் சொல்லப் போறேன், பெட்ரோல் செலவுதான் உங்களுக்கு. அந்தம்மா செத்துப் போச்சுன்னு நீங்க சொல்லித்தான் எனக்கே தெரியும். பிரேசில்ல ஒரு எடிட்டர் செத்தா சாலிகிராமத்துல நான் எதுக்கும்மா துண்டப் போட்டு உக்காரணும்? ஞாயித்துக்கிழம இரங்கல் கூட்டமாம், நினைவு மலர் போடறாங்களாம், இந்த ஊர்ல அதுக்குப் பக்கத்துல உக்காந்து வேல பாத்தவன் நான் ஒருத்தன்தானாம், அதனால ரெண்டு நல்ல வார்த்தை எழுதிக் குடுக்கணுமாம். எங்கிட்ட நல்ல வார்த்தை ஸ்டாக் இல்ல. காபி சொல்லட்டுமா? சாப்பிட்டுடுங்க. நான் பேசப் போறத வெறும் வயித்துல கேக்கக் கூடாது.

முதல்ல நான் யாருன்னு எழுதிக்குங்க. எழுவத்தோரு படம். எழுவத்தோரு படத்துலயும் ஒரு கார்டு வரும், படத்தொகுப்பு கே. தணிகாசலம்னு. மூணு செகண்டு வரும். அந்த மூணு செகண்டுல தியேட்டர்ல சனம் சீட்டு நம்பர் தேடிட்டு இருக்கும், பக்கத்து ஆளு காலக் கொஞ்சம் மடக்குங்கன்னு சொல்லிட்டு இருக்கும். ஒருத்தரும் பாக்க மாட்டாங்க. எனக்குத் தெரியும். ஆனாலும் அந்த மூணு செகண்டு என்னோடது. ஹீரோவுக்கு ரெண்டரை மணி நேரம் இருக்கு, எனக்கு மூணு செகண்டு. அதையும் ஒருத்தி கடல் தாண்டி வந்து எடுத்துட்டுப் போனா, எனக்கு எப்படி இருக்கும்? சொல்லுங்க. நீங்களும் எழுதறவங்கதான, கட்டுரைக்குக் கீழ உங்க பேர எடுத்துட்டு வேற பேரப் போட்டா சும்மா இருப்பீங்களா?

வேதமூர்த்தியத் தெரியும்ல. டைரக்டர். இப்ப பெரிய ஆளு. அன்னிக்கு ரெண்டாவது படம் எடுத்துட்டு எங்கிட்டதான் வந்தாரு. அண்ணே, நீங்கதான் வெட்டணும்னு வந்தாரு. படத்தோட பேர நான் சொல்ல மாட்டேன், என் வாயால வராது. கதை ரொம்பச் சின்னது. சைக்கிளுக்குப் பஞ்சர் ஒட்டுற ஒருத்தர். அவருக்கு ஒரே பொண்ணு, கோசல. அது வளைகுடாவுக்கு வீட்டு வேலைக்குப் போகுது. அப்பன் போகாதங்கறான், பொண்ணு கேக்கல. கிளம்புற அன்னிக்கு அந்தாளு கடையில உக்காந்து தண்ணித் தொட்டியில டியூப அமுக்கிட்டு இருக்கான், நிமிந்தே பாக்கல. பொண்ணு பையோட வந்து நிக்குது, போயிட்டு வரேன்பான்னு சொல்லிட்டுப் போகுது. படமே அந்த ஒரு சீன்தான். மத்ததெல்லாம் அதுக்கு முன்னாடி, அதுக்குப் பின்னாடி.

பதினோரு வாரம் உக்காந்து வெட்டினேன். அந்த சீன மட்டும் நாலு நாளு. பொண்ணு போயிட்டு வரேன்பாங்குது, க்ளோசப், கண்ணுல தண்ணி தளும்புது. அப்பா க்ளோசப். மறுபடி பொண்ணு. மறுபடி அப்பா. கீழ புல்லாங்குழல். மொத்தம் நாப்பது செகண்டு. எங்க அக்கா பாத்துட்டு மூக்கச் சிந்தினா. அதுக்கு மேல என்னம்மா வேணும்? வேதமூர்த்தி பாத்தாரு. பாத்துட்டு என்ன சொன்னாரு தெரியுமா. "அண்ணே, எல்லாம் சரியா இருக்குண்ணே. ஆனா எனக்கு ஒண்ணுமே ஆகலண்ணே." எனக்கு ஒண்ணும் ஆகலங்கறதுக்கு நான் என்ன பண்ண முடியும்? டாக்டர்கிட்ட போகணும்.

அப்பதான் ஏதோ வெளிநாட்டுப் படவிழாக்காரங்க பணம் குடுத்து உதவி பண்றோம்னு வந்தாங்க. உதவின்னா சும்மாவா. அவங்க லிஸ்ட்ல இருக்குற டெக்னீஷியன் ஒருத்தர வெச்சுக்கணுமாம். லிஸ்ட்ல ஒரு பிரேசில்காரம்மா. ஜுரேமா. தமிழ் தெரியுமா? தெரியாது. தமிழ்நாடு எங்க இருக்குன்னு தெரியுமா? தெரியாது. அது வந்து என் படத்த வெட்டப் போகுது. நான் முடியாதுன்னுட்டேன். வேதமூர்த்தி கையப் புடிச்சுக்கிட்டு, அண்ணே, கார்டுல ரெண்டு பேர் பேரும் வரும், நீங்க பக்கத்துல இருந்து வசனத்துக்கு மட்டும் கொஞ்சம் உதவி பண்ணுங்கன்னு கெஞ்சினாரு. ரெண்டு பேர் பேரும்னு சொன்னாரு. இத எழுதிக்குங்க. அதுக்காகத்தான் ஒத்துக்கிட்டேன்.

வந்துச்சு. அறுவத்து நாலு வயசு. கட்டை குட்டையா, ஆம்பள சட்ட மாதிரி ஒண்ணப் போட்டுக்கிட்டு, கண்ணாடியக் கயித்துல கட்டிக் கழுத்துல தொங்க விட்டுக்கிட்டு. ரூம்ல நுழஞ்சுது, ஷூவக் கழட்டுச்சு, நேராப் போயி என் சேர்ல உக்காந்துடுச்சு. உங்களுக்கே தெரியும், எடிட்டர் சேர்ல புரொட்யூசர் கூட உக்கார மாட்டாரு. எவ்ளோ பெரிய ஹீரோ வந்தாலும் பின்னாடி நின்னுதான் பாப்பாரு. இது வணக்கம் கூடச் சொல்லல. சேரோட உயரத்தக் கீழ எறக்குச்சு. பதினாலு வருஷமா அந்த உயரத்துல இருந்த சேர். எனக்கு, டீ குடுக்குற பையன் உக்கார்ற பிளாஸ்டிக் ஸ்டூல இழுத்துப் போட்டாங்க. விருந்தாளியாச்சேன்னு பேசாம உக்காந்தேன். ஆனா அன்னிக்கே மனசுல ஒண்ணு விழுந்துடுச்சு. மறைக்க மாட்டேன்.

பேச்சுன்னு எடுத்தா, என் இங்கிலீஷும் அரை, அதோட இங்கிலீஷும் அரை. ரெண்டு அரை சேந்தா ஒண்ணாகும்னு பாத்தேன், கால் கூடத் தேறல. ஆனா தன் பெருமையச் சொல்றதுக்கு மட்டும் எப்படியோ வார்த்தை வந்துச்சு. ரெசிஃபேன்னு ஒரு ஊராம், கடலோரம். பத்தொம்பது வயசுல ஃபிலிம் லேபுக்கு வேலைக்கு வந்துச்சாம். வெள்ளத் துணி கையுற போட்டுக்கிட்டு நெகட்டிவ் ஒட்டுற வேல, ரூம் பூராப் பொம்பளைங்களாம். அப்ப அங்க மிலிட்டரி ஆட்சி. சென்சார்லேர்ந்து லிஸ்ட் வருமாம், இந்தப் படத்துல இத்தன மீட்டர எடுத்துடு, அந்தப் படத்துல அந்த வசனத்த எடுத்துடுன்னு. எடுக்குறது இதோட வேல. எடுத்த துண்டையெல்லாம் குப்பையில போடாம பிஸ்கட் டின்னுல போட்டு வீட்டுக்குக் கொண்டு போயிடுமாம். ஒரு படத்துல, வெட்டுன இடம் தெரியாம ஒட்டச் சொன்னாங்களாம். இது வேணும்னே துருத்திக்கிட்டு நிக்கிற மாதிரி ஒட்டிடுச்சாம். பாக்குறவனுக்கு, இங்க ஏதோ எடுத்துட்டான் பாவிங்கன்னு தெரியணுமாம். அதுக்காக வேலையை விட்டே தூக்கிட்டாங்களாம். அப்புறம் எப்படியோ எடிட்டராகி நாப்பது படம்.

நாப்பதுதான். நான் எழுவத்தொண்ணு.

நம்ம ஊர்லயும்தான் சென்சார் இருக்கு. எத்தனை முத்தத்த நான் எடுத்திருக்கேன், எத்தனை கெட்ட வார்த்தைய எடுத்திருக்கேன். டின்னுலயா அடைச்சு வெச்சேன்? வேலன்னா வேல. இதையெல்லாம் தியாகம் மாதிரி சொல்லுச்சு. நான் ஆ, ஆன்னு தலையாட்டிக்கிட்டு இருந்தேன்.

வேல பாத்த லட்சணத்தக் கேளுங்க. முதல் மூணு நாளு சவுண்ட மொத்தமா அணைச்சுட்டு ஊமைப் படமாப் பாத்துச்சு. அடுத்த ரெண்டு நாளு படத்த அணைச்சுட்டு, கண்ண மூடிக்கிட்டு வெறும் சவுண்டு கேட்டுச்சு. எனக்குத் தூக்கம் தூக்கமா வந்துச்சு. ஆறாவது நாளு என்.ஜி. எல்லாம் கேட்டுச்சு. என்.ஜி.ன்னா உங்களுக்குத் தெரியும், இருந்தாலும் படிக்கிறவங்களுக்கு எழுதுங்க, சரியா வராம டைரக்டர் வேணாம்னு ஒதுக்குன டேக். சரியா வந்தது ஓகே, வராதது என்.ஜி. நான் என்.ஜி.யத் திரும்பிப் பாக்க மாட்டேன். சாப்பிட்ட எலையத் திரும்ப விரிக்கலாமா? இது ஒண்ணு விடாமப் போட்டுப் பாத்துச்சு. ஆடத் தெரியாதவ கூடம் கோணல்னாளாம், அது மாதிரி ஓகே டேக்க விட்டுட்டு என்.ஜி.ல என்ன தேடுதுன்னு நெனச்சுக்கிட்டேன்.

இப்ப முக்கியமான எடத்துக்கு வரேன். காபியக் கீழ வெச்சுட்டு எழுதுங்க.

அந்தக் கோசல சீனுக்கு ஏழு டேக் எடுத்திருந்தாங்க. நாலாவது டேக்ல அந்த நடிக்கிற பொண்ணு, புதுப் பொண்ணு, போயிட்டுன்னு சொல்லிட்டு நின்னுடுச்சு. வசனம் மறந்துடுச்சு. வரேன்பா வரல. வாயத் தொறந்து அப்பாவா நடிச்சவரையே பாக்குது, அவராவது எடுத்துக் குடுப்பாரான்னு. அவர் தொட்டியவே பாத்துட்டு இருக்காரு. அது பையத் தூக்கிக்கிட்டு ஃபிரேம விட்டு வெளிய போயிடுச்சு. டைரக்டர் கட் சொல்லிட்டாரு. டேக் விவரம் குறிச்சு வைக்கிற லாக் புக்குல என் கையெழுத்துலயே எழுதி வெச்சிருந்தேன், டேக் நாலு, என்.ஜி., வசனம் முழுசா இல்லன்னு. தமிழ்ல.

அந்தம்மா அதப் புடிச்சுக்கிச்சு. போயிட்டு, அப்புறம் அந்தப் பொண்ணு மொகம், அப்புறம் தொட்டித் தண்ணியில டியூப்லேர்ந்து வர்ற காத்து முட்ட. அவ்ளோதான். நாலு செகண்டு. என் நாப்பது செகண்ட நாலு செகண்டாக்கிடுச்சு. புல்லாங்குழல் கிடையாது. ஒண்ணும் கிடையாது. தண்ணியில முட்ட விடுற சத்தம்.

அதுக்கு இங்கிலீஷ்ல வசனம் மொழிபெயர்த்துக் குடுத்திருந்தாங்க, யாரோ ஒரு சின்னப் பையன் பண்ணது. அதுல என்ன போட்டிருக்கான்? நான் போறேன் அப்பா. அவ்ளோதான் போட்டிருக்கான். இங்கிலீஷ்ல போயிட்டு வரேன்னா கேக்குறதுக்கு ஒரு மாதிரி இருக்கும்னு போறேன்னு மாத்திட்டான். அதனால அந்தம்மா நெனச்சுக்கிச்சு, போயிட்டுன்னா போறேன், வசனம் முடிஞ்சுதுன்னு. நீங்க சொல்லுங்க, நம்ம வீட்ல யாராவது போறேன்னு சொல்லிட்டு வாசப்படி தாண்டுவாங்களா? கொத்தமல்லி வாங்கப் போனாக் கூடப் போயிட்டு வரேன்னுதான் சொல்லணும். போறேன்னு சொன்னா எங்கம்மா கரண்டியாலயே போடும். வரேன்கிறத விட்டுட்டுப் போனா அந்தப் பொண்ணு திரும்பி வரப் போறதில்லன்னு அர்த்தம். நம்ம ஊர்ல மூணு வயசுக் கொழந்தைக்குக் கூட அது தெரியும்.

அந்தம்மாவுக்குத் தெரியாது. எனக்குத் தெரியும்.

அது லாக் புக்க எடுத்து, என் கையெழுத்து மேல பென்சில வெச்சு, இது என்னன்னு கேட்டுச்சு. வசனம் ஃபுல்லான்னு கேட்டுச்சு. நான் ஃபுல்லுன்னேன். அது திரும்பி சீன ஓட்டுச்சு. மறுபடி கேட்டுச்சு, ஃபுல்? ரெண்டாவது தடவையும் ஃபுல்லுன்னேன். அவ்ளோதாம்மா. நான் சொன்னது ஒரே ஒரு வார்த்தை. ரெண்டு தடவ. கொலையா பண்ணேன்?

ஏன் சொன்னேன்னு கேக்குறீங்களா? மூஞ்சியப் பாத்தாத் தெரியுது, கேக்க நெனைக்கிறீங்க. சொல்றேன், எனக்கென்ன பயம். வேதமூர்த்தி அப்ப ஊர்ல இல்ல, மஞ்சக் காமால வந்து மூணு வாரம் திருச்செங்கோட்டுல படுத்திருந்தாரு. திரும்பி வந்து பாப்பாரு, பாத்த உடனே வரேன் எங்க போச்சுன்னு குதிப்பாரு, இதத்தான் பிளேன் ஏத்திக் கூட்டிட்டு வந்தோமான்னு தலையில அடிச்சுப்பாரு, அந்தம்மா மறுநாளே மூட்டையக் கட்டும், நான் என் சேருக்குத் திரும்பிடலாம். இதுல என்ன தப்பு? தெரியாத மொழியில கை வெச்சா கை சுடும்னு அதுக்குத் தெரியணுமில்ல.

அவர் வந்தாரு. மூஞ்சி வாடி, சட்டையெல்லாம் தொளதொளன்னு. பின்னாடி உக்காந்து பாத்தாரு. நான் ஸ்டூல்ல உக்காந்து காத்துட்டு இருக்கேன். சீன் வந்துச்சு. போயிட்டு. முட்ட. அடுத்த சீன் வந்துடுச்சு. திரும்பிப் பாத்தா நிறுத்துங்கன்னு கையக் காட்டறாரு. எழுந்து வெளிய போயிட்டாரு. நான் நெனச்சேன், கோவத்துல போறாரு, சரியா மாட்டுச்சுன்னு. பத்து நிமிஷம் கழிச்சு மொகத்தக் கழுவிட்டு வந்தாரு. கண்ணு ரெண்டும் செவந்து கெடந்துச்சு. அந்தம்மாகிட்ட இங்கிலீஷ்ல கேட்டாரு, அந்த வரேன்கிறத எடுக்கணும்னு உங்களுக்கு எப்படித் தோணுச்சுன்னு. அது முழிக்குது. வரேன்னா என்னன்னு கேக்குது. இவர் உக்காந்து விளக்கினாரு, எங்க ஊர்ல போறேன்னு சொல்ல மாட்டோம், இப்படி இப்படின்னு. அது கேட்டுக்கிட்டே இருந்துச்சு. அப்புறம் லாக் புக்க எடுத்து நீட்டி, ஃபுல்லுன்னு இவர்தான் சொன்னாருன்னு என்னக் காட்டுச்சு.

வேதமூர்த்தி படிச்சாரு. "அண்ணே, இது உங்க கையெழுத்துதான?"

"ஆமா."

"வசனம் முழுசா இல்லன்னு எழுதியிருக்கீங்க. அவங்க கேட்டப்ப ஃபுல்லுன்னு சொன்னீங்களா?"

"சொன்னேன். நல்லாத்தான வந்திருக்கு."

அவர் லாக் புக்க மூடுனாரு. "நல்லாத்தான் வந்திருக்கு. நீங்க அது நல்லா வரணும்னு சொல்லலியேண்ணே."

பழம் இனிச்சாப் போதாதா, மரம் எந்த எண்ணத்துல காய்ச்சுதுன்னு விசாரிக்கணுமா? அந்தம்மா ஒரு வார்த்தை திட்டல. திட்டியிருந்தாத் தேவல. திரும்பி உக்காந்துக்கிட்டு அடுத்த சீன் போடச் சொல்லுச்சு. அன்னிக்கு மத்தியானம் நான் வீட்டுக்கு வந்துட்டேன். அப்புறம் போகல. நுணலும் தன் வாயால் கெடும்பாங்க. நான் வாயத் தொறந்து ஒரே ஒரு வார்த்தை சொல்லிக் கெட்டேன்.

படம் வந்துச்சு. தேவி தியேட்டர்ல போயி டிக்கெட் எடுத்துத்தான் பாத்தேன், எவனும் கூப்பிடல. டைட்டில் ஓடுது. படத்தொகுப்பு, ஜுரேமா. ஒரு பேரு. தனிக் கார்டு. நான் அடுத்ததுல இருக்கும்னு பாக்குறேன், இல்ல. இசை, ஒளிப்பதிவு, கலை எல்லாம் போயிடுச்சு. கடைசில, உணவு, வாகனம், லைட்மேன் எல்லாரும் சேந்து ஓடுற பட்டியல்ல, மேக்கப் உதவிக்குக் கீழ, மொழி உதவி கே. தணிகாசலம். மொழி உதவி. எழுவத்தோரு படம் வெட்டினவனுக்கு.

அந்த சீன் வந்தப்ப எனக்கு முன் வரிசையில ஒரு பெரியவர் துண்ட வாயில அடைச்சுக்கிட்டாரு. எந்தப் பத்திரிகையப் பொரட்டினாலும் அந்த நாலு செகண்டுதான். தமிழே தெரியாத ஒரு பெண்மணி தமிழனோட நெஞ்சுக்குள்ள கைவிட்டுட்டாராம். தமிழ் தெரிஞ்சவன் ஒருத்தன் பக்கத்துல உக்காந்து ஃபுல்லுன்னு சொன்னானே, அவன் கைய விடலியா? இல்ல, வசனம் பாதியில நிக்குதுன்னு நான் நேர்மையாச் சொல்லியிருந்தா அது அந்த டேக்கத் தூக்கிப் போட்டிருக்கும். அஞ்சாவது டேக்கப் போட்டிருக்கும். நாலு செகண்டும் இல்ல, எடிட்டிங்குக்கு அந்தம்மா வாங்குன அவார்டும் இல்ல. அப்ப அந்த அவார்டுல பாதி யாரோடது? சங்கத்துல கேட்டேன், சிரிக்கிறாங்க. அதுக்கப்புறம் எனக்குப் படம் வரல. பேரே மாறிப் போச்சு. டீக்கடையில கூட, மொழி உதவி அண்ணன் வர்றாரு, பெஞ்சுல இடம் விடுன்னு நக்கல். வேதமூர்த்தி வெளிய யார்கிட்டயும் சொல்லியிருக்க மாட்டாரு, அது எனக்குத் தெரியும். ஆனா ஒரு எடிட்டரோட பேரு மேல் கார்டுலேர்ந்து கீழ எறங்குனா, ஏன்னு இந்த ஊருக்கு யாரும் சொல்ல வேண்டியதில்ல.

போட்டோவா? அந்தம்மாவோட சேந்து எடுத்த போட்டோ எங்கிட்ட எதுக்கு இருக்கு? ஒரு லெட்டர்தான் இருக்கு. படம் வந்து ரெண்டு வருஷம் கழிச்சு வந்துச்சு, அங்கேர்ந்து. இருங்க, இந்த டிராயர்தான்... இந்தாங்க. மலர்ல போடறதானாப் போட்டுக்குங்க, எனக்கு வேணாம். படிச்சேனா? எங்க படிக்கிறது, எல்லாம் இங்கிலீஷ். ரெண்டாவது வரியிலயே லாங்குவேஜ்னு ஒரு வார்த்தை கண்ணுல பட்டுச்சு. மறுபடி மொழி உதவிக்குக் கூப்பிடுதான்னு மடிச்சு உள்ள போட்டுட்டேன். அதுவும் போர்ச்சுகீசு மொழிக்கு. யார்கிட்டயாவது படிச்சுக் காட்டச் சொல்லியிருக்கலாம். யார்கிட்ட சொல்றது? எவன்கிட்ட குடுத்தாலும் என்ன நக்கல் பண்ணியிருக்கான்னு பாக்கத்தான் படிப்பான். கிழிச்சுப் போடறதுக்கென்னவா? ஸ்டாம்பு நல்லா இருந்துச்சு.

நீங்க படிக்கப் போறீங்களா? படிங்க, எனக்கென்ன. தமிழ்ல சொல்லுங்க.

அன்புள்ள தணிகா. தணிகாவாம்.

உங்களுக்கு எங்க மொழி தெரியாது. பாத்தீங்களா, நான் சொன்னேன்ல, ஆரம்பிச்சாச்சு. ம். அதனாலதான் உங்களக் கூப்பிடறேன். என்ன? தெரியாததாலயா? இல்லம்மா, நீங்க தப்பாப் படிக்கிறீங்க. தெரியாட்டியும்னு இருக்கும். இல்லியா? சரி, மேல போங்க.

எனக்குக் கண்ணு போயிட்டிருக்குங்குதா. நடுவுல இருட்டு, ஓரம் மட்டும்தான் தெரியுது. ஒரு படம் பாதி வெட்டிட்டேன், மீதிய என்னால பாக்க முடியாது. டைரக்டர்கிட்ட உங்க பேரச் சொல்லியிருக்கேன். அவர் சரின்னுட்டார். நீங்க வந்து முடிச்சுக் குடுங்க. முடிச்சுக் குடுங்கன்னா? எத? படத்தையா? கார்டுல எடிட்டர்னு... இருங்க. அசிஸ்டென்ட்னு இருக்கும், நல்லாப் பாருங்க. முன்னாடி அசோசியேட்டு கிசோசியேட்டு ஏதாவது இருக்கும். எடிட்டர்தானா. எடிட்டர், தணிகாசலம். என் பேர முழுசா எழுதியிருக்கா? கே போட்டிருக்கா?

கே போட்டிருக்கு.

நீங்க ஏன் ஃபுல்லுன்னு சொன்னீங்கன்னு எனக்கு அன்னிக்கே புரிஞ்சுது. உங்க நாற்காலியில நான் கேக்காம உக்காந்தேன். என் நாற்காலியில ஒருத்தி அப்படி உக்காந்திருந்தா நானும் அதத்தான் செஞ்சிருப்பேன். அது சரி. இப்ப சொல்லி என்ன பிரயோஜனம். ம், படிங்க. உங்க வார்த்தைய நான் நம்பல. எதுக்கு ரெண்டாவது தடவ கேட்டேன் தெரியுமா? கேட்டுட்டு உங்க மொகத்தப் பாத்தேன். நீங்க என்னப் பாக்காம திரையப் பாத்துட்டே ஃபுல்லுன்னு சொன்னீங்க. உங்க கண்ணு நனஞ்சிருந்துச்சு. எனக்கு மொழி தெரியாது, உங்க கண்ணு போதும்னு அந்த டேக்க வெச்சேன். அந்த வெட்டுல பாதி உங்களோடது.

நிறுத்துங்க.

கண்ணு நனஞ்சுதாம். ஏசி காத்து நேரா மூஞ்சியில அடிக்கிற இடத்துல ஸ்டூலப் போட்டா நனையாதா. நனஞ்சுதுதான். இல்லங்கல. ஆனா அது அழுக இல்லம்மா, எழுதாதீங்க அத. நாலு நாளு உக்காந்து நாப்பது செகண்டுல என்னால முடியாதத, மொழி தெரியாத ஒருத்தி நாலு செகண்டுல பண்ணிட்டாளேன்னு வயிறு எரிஞ்சுது. எங்கப்பாவும் அப்படித்தான் நிமிந்து பாக்காம உக்காந்திருந்தாரு, நான் மெட்ராசுக்குக் கிளம்பினப்ப. வேற ஒண்ணும் இல்ல. பாதி என்னோடதுன்னு வேதமூர்த்தி சொல்லல, சங்கம் சொல்லல. இவங்க பத்து வருஷம் முன்னாடியே எழுதிப் போட்டிருக்காங்க. அது என் டிராயர்ல கெடக்குது, ஸ்டாம்போட. செத்தும் கொடுத்தான் சீதக்காதிம்பாங்க. இது செத்தும் கெடுத்த கத. என்னால நிம்மதியாத் திட்டக் கூட முடியாமப் பண்ணிட்டாங்க. எனக்காக நியாயம் பேசச் சொல்லி இவங்கள யாரு கேட்டது?

அப்புறம் என்ன போட்டிருக்காங்க? ரெண்டு மாசம் காத்திருக்கேன், பதில் போடுங்க. ரெண்டு மாசம். தேதி என்ன? ம்.

வேற யாரோ முடிச்சிருப்பாங்கல்ல. முடிக்காமயா இருப்பாங்க. யாரு பேரு வந்துச்சோ.

கீழ அட்ரஸ் ஏதாவது இருக்கா பாருங்க. பதில் போடச் சொன்னா அட்ரஸ் குடுத்திருப்பாங்கல்ல. தெரியும்மா, செத்துப் போனது தெரியும், நீங்கதான வந்து சொன்னீங்க. நான் அட்ரஸ் இருக்கான்னுதான் கேட்டேன். இருக்குல்ல? அந்தப் பேனாவக் குடுங்க. மெதுவாச் சொல்லுங்க, எழுதிக்கிறேன்.